'பீட்சா' முதல் படமல்ல
விஜய் சேதுபதி குறும்படத்திலிருந்து நேராக 'பீட்சா'வுக்கு வந்து ஒரே படத்தில் ஹீரோ ஆனார் என்று உங்கள் பதிவில் எழுதியிருக்கிறீர்கள். பாதிதான் சரி. கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' குறும்படப் போட்டிக் காலத்தில், பின்னாளில் 'பீட்சா'வை இயக்கிய கார்த்திக் சுப்பராஜின் குறும்படங்களில் நடித்தது உண்மை. தெருமுனையில் பார்த்துப் பழகிய ஆள் மாதிரியே இருப்பார், அதுதான் அவர் பலம். ஆனால் 'பீட்சா' 2012. அதற்கு முன்பே, 2010-இல், சீனு ராமசாமியின் 'தென்மேற்குப் பருவக்காற்று' படத்தில் அவர்தான் நாயகன். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது வாங்கிய படம் அது! அப்புறம், 'புதுப்பேட்டை'யில் (2006) தனுஷுக்குப் பின்னால் நிற்கும் அடியாட்களில் ஒருவர் யார்? இன்னொரு தடவை பாருங்கள். கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் கணக்கு எழுதிக்கொண்டே நடிப்பைக் கவனித்த வருடங்கள் வேறு இருக்கின்றன. 'ஒரே படத்தில்' என்பதை மட்டும் எடுத்துவிடுங்கள்.