கல்லூரிக் காப்பகங்களிலும் தேடுங்கள்

1959 முதல் 1970 வரை அமெரிக்க டிவியில் வந்த ‘காலேஜ் பவுல்’ என்ற, கல்லூரி அணிகள் மோதும் வினாடி வினாவின் பழைய பதிவுகள் கிடைக்கவே கிடைக்காது என்பதுபோல் கட்டுரையை முடித்துவிட்டீர்கள். அவ்வளவு சீக்கிரம் கைவிட வேண்டாம். அன்றைய இரண்டு அங்குல வீடியோ டேப் விலை அதிகம் என்பதால் நிலையங்கள் அதை அழித்து மறுபடி பயன்படுத்தின, சரி. ஆனால் திரையில் ஓடுவதை அப்படியே 16 மி.மீ. ஃபிலிமில் எடுத்துவைக்கும் கினெஸ்கோப் வழக்கமும் இருந்ததே!

ஜெயித்த கல்லூரிக்கு உதவித்தொகை நிதி போனது. ஊரே கொண்டாடிய வெற்றி அது. அதன் ஃபிலிம் பிரதியைக் கல்லூரியே பத்திரப்படுத்தியிருக்கலாம். அதனால் டிவி நிறுவனத்தைவிட அந்தந்தக் கல்லூரிக் காப்பகத்தைக் கேட்பதுதான் நல்லது. 1966 மார்ச்சில் ஆக்னஸ் ஸ்காட் மகளிர் கல்லூரி, கடைசி நொடியில் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தை 220-215 என்று வீழ்த்தியதே, அந்த ஆட்டத்திலிருந்து தொடங்குங்கள். காப்பகப் பட்டியலில் ‘ஜி.இ.’, ‘ஜெனரல் எலெக்ட்ரிக்’ என்று விளம்பரதாரர் பெயரிலும் தேடுங்கள். நிகழ்ச்சியின் பெயரே ‘ஜி.இ. காலேஜ் பவுல்’ என்று அதோடு சேர்த்துத்தான்.

அப்புறம் ஒன்று. ஃபிலிம் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் ஃபிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். புரொஜெக்டரில் மாட்டிவிடாதீர்கள், நேராக ஸ்கேன் செய்யக் கொடுங்கள்.