லே ஏர்போர்ட் யாருக்காக?

சீசன் வந்தாச்சு, டைம்லைன் பூரா லடாக் போட்டோதான். பாங்காங் ஏரி, கர்துங் லா போர்டு முன்னாடி நிறுத்தின பைக், மொட்டை மலை, நீல வானம். போறவங்க சந்தோஷமா போய்ட்டு வாங்க, அதுல எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனா எந்த ட்ராவல் வீடியோவை எடுத்தாலும் லடாக்கோட முக்கிய ஊரான லே, அங்க இருக்கிற ஏர்போர்ட் பத்தி ரெண்டே ரெண்டு விஷயம்தான் சொல்றாங்க, ஒண்ணு லேண்டிங் பயங்கர த்ரில்லா இருக்கும், இன்னொண்ணு டிக்கெட்டை முன்னாடியே போட்டு வச்சுக்கோங்க. அவ்வளவுதானா அந்த ஏர்போர்ட்? அங்கேயே பொறந்து வளர்ந்து, பனிக்காலத்துலயும் அங்கேயே இருக்கிற ஜனங்களுக்கு அது என்னன்னு யாருமே பேச மாட்டேங்கறாங்களேங்கற ஆதங்கத்துலதான் இதை எழுதறேன், கொஞ்சம் நீளமா போகும், பொறுமையா படிங்க.

முதல்ல அந்த ரன்வே எப்படி வந்துச்சுன்னு பார்ப்போம். 1948 ஆரம்பம், காஷ்மீருக்காக இந்தியா-பாகிஸ்தான் முதல் போர் நடந்துட்டு இருக்கு. பாகிஸ்தான் பக்கத்துப் படை ஸ்கர்டுங்கற ஊரை முற்றுகை போட்டாச்சு, அடுத்து லேதான்னு எல்லாருக்கும் தெரியும். லேல காவலுக்கு இருந்த ஆளுங்களோ விரல் விட்டு எண்ணலாம். அந்த நேரத்துல பிரிதி சந்த்னு லாஹௌல் பகுதியைச் சேர்ந்த ஒரு கேப்டன், நாப்பது பேர் மாதிரி ஒரு சின்னப் படையைக் கூட்டிக்கிட்டு பிப்ரவரி மாசப் பனியில சோஜி லா கணவாயைத் தாண்டி நடந்தே லேக்குப் போய்ச் சேர்றார். சோஜி லா 11,500 அடிக்கு மேல, பனிக்காலத்துல அங்க எப்ப பனி சரியும்னு சொல்லவே முடியாது. அந்தக் குழுவோட போனவர்தான் சோனம் நோர்பு, லடாக்கியான சிவில் இன்ஜினியர். அவருக்குக் கொடுத்த வேலை, விமானம் இறங்க ஒரு இடம் தயார் பண்ணணும். புல்டோசர் இல்லை, ரோட் ரோலர் இல்லை. ஊர் ஜனங்க கையால கல்லைப் பொறுக்கி, மேட்டை வெட்டி, பள்ளத்தை மூடி சிந்து நதிக்கரையோரம் ஒரு மண் ரன்வே போட்டுக் கொடுத்தாங்க, அதுவும் சில வாரத்துல. அந்த உயரத்துல புதுசா போன ஆளுக்கு மாடிப்படி ஏறினாலே மூச்சு வாங்கும்.

1948 மே 24. விமானப்படையோட ஏர் கமடோர் மெஹர் சிங் டகோட்டா விமானத்தை அங்க கொண்டுபோய் இறக்கறார். கேபின் பிரஷர் கிடையாது, அந்த ரூட்டுக்கு ஒழுங்கான மேப் கூட கிடையாது, நடுவுல இமயமலை. இப்படி ஒரு ஃப்ளைட்ல பயணியா ஏறி உக்காந்தவர் மேஜர் ஜெனரல் திம்மய்யா. நீங்க இறக்குங்க, முதல் ஆளா நான் வரேன்னு ஒரு ஜெனரலே வர்றதுன்னா சும்மா இல்லைங்க. அடுத்தடுத்து டகோட்டாக்கள்ல கூர்க்கா சிப்பாய்கள் வந்து இறங்கினாங்க, லே தப்பிச்சுது. அந்த மண் ரன்வே இல்லாம இருந்திருந்தா இன்னைக்கு நம்ம மேப்பே வேற மாதிரி இருந்திருக்கும்னு நான் நிச்சயமா நம்பறேன். அங்க இருக்கிற பெரிய அரசு மருத்துவமனைக்கு சோனம் நோர்பு பேருதான். ஏர்போர்ட்டுக்கு குஷோக் பகுலா ரின்போச்சே பேரு. அவர் ஸ்பிதுக் மடத்துத் தலைமை லாமா, எம்.பி.யா இருந்தவர், மங்கோலியாவுல பத்து வருஷம் இந்தியத் தூதரா இருந்தவர். விமானம் இறங்கறப்போ ஜன்னலோரம் ஒரு குன்று மேல அடுக்கடுக்கா வெள்ளைச் சுவரோட ஒரு கட்டடம் தெரியும் பாருங்க, அதான் அந்த மடம்.

அந்த த்ரில் லேண்டிங் ஏன் அப்படி இருக்குன்னும் சொல்லிடறேன். ஏர்போர்ட் சுமார் 10,700 அடி உயரத்துல இருக்கு, ஊட்டியை விட 3,000 அடிக்கு மேல கூட. காத்துல அடர்த்தி கம்மி, அதனால இன்ஜின் இழுவையும் குறையும், றெக்கைக்குக் கிடைக்கிற தூக்கலும் குறையும். அதை ஈடுகட்ட சென்னையில ஓடறதை விட வேகமா ஓடித்தான் ஏறணும், அதே மாதிரி வேகமாத்தான் இறங்கணும். சுத்தி மலை, அதனால ரன்வேக்கு ஒரு பக்கமா வந்து இறங்கி, அந்தப் பக்கமாவே திரும்ப ஏறணும். மதியம் ஆயிட்டா பள்ளத்தாக்குல காத்து பிச்சுக்கும், அதான் பயணிகள் விமானம் எல்லாம் பெரும்பாலும் காலையிலயே வந்துட்டு காலையிலயே கிளம்பிடும். இன்னொண்ணு நிறைய பேருக்குத் தெரியாது, விமானத்துல மேல இருந்து விழற ஆக்சிஜன் மாஸ்க் சாதாரணமா ஒரு கால் மணி நேரத்துக்குத்தான் வரும், அதுக்குள்ள பைலட் 10,000 அடிக்கு இறக்கிடுவாருங்கறது கணக்கு. இங்க கீழ மலையே அதை விட உசரம், எங்க இறக்குவார்? அதனால இந்த ரூட்டுக்குன்னு எந்த இடத்துல பிரச்சனை வந்தா எந்தப் பக்கம் தப்பிச்சுப் போகணும்னு முன்னாடியே திட்டம் போட்டுட்டுத்தான் கிளம்பறாங்க, பைலட்டுக்கும் தனிப் பயிற்சி உண்டு.

இப்ப சொல்ல வந்த விஷயத்துக்கு வரேன். ஸ்ரீநகர் ரோடும் மணாலி ரோடும் பனி விழுந்தா மூடிடும். 2020ல மணாலி ரோட்டுல அடல் டனல் திறந்தாங்க, நல்ல விஷயம், ஆனா அது ரோத்தங் கணவாயை மட்டும்தான் தாண்டி விடுது, அதுக்கப்புறமும் பெரிய பெரிய கணவாய் இருக்கு. ஸ்ரீநகர் ரோட்டுல சோஜி லா டனல் வேலை இன்னும் நடந்துட்டு இருக்கு. அதுவரைக்கும் நடுப்பனியில லேக்குப் போகவும் வரவும் நம்பி இருக்கிறது வானம்தான். சண்டிகர்ல படிக்கிற பிள்ளை லீவுக்கு வரணும்னாலும், டெல்லி எய்ம்ஸ்ல ஆபரேஷனுக்கு தேதி கிடைச்சாலும், நம்ம ஊர்ப் பசங்க உட்பட அங்க டூட்டியில இருக்கிற ஜவான் பொங்கலுக்கு வீட்டுக்கு வரணும்னாலும் அந்த ஒரு ரன்வேதான்.

நான் அங்க இருந்து கிளம்பின அன்னைக்கு செக்-இன் வரிசையில எனக்கு முன்னாடி ஒரு பெரியவர், பக்கத்துல மகள். அந்தப் பொண்ணு கையில துணிப்பை, அதுல இருந்து எக்ஸ்ரே கவர் எட்டிப் பார்க்குது, வரிசை நகர நகர அதை மடங்காம நெஞ்சோட அணைச்சுக்கிட்டே நகருது. எங்க பக்கம் எல்லாம் செல்ஃபி, சிரிப்பு. காத்து சரியில்லை, லேட்டாகும்னு அறிவிப்பு வந்ததும் நாங்க எல்லாம் டீ வாங்கப் போனோம், அந்தப் பொண்ணு ஃபோனை எடுத்து யார்கிட்டயோ அப்பாயின்ட்மென்ட்டை மாத்த முடியுமான்னு ஹிந்தியில கெஞ்சிட்டு இருந்துச்சு. அவங்களும் நானும் ஒரே விமானம், ஒரே மாதிரி சீட்டு, விலையும் ஒரே டிமாண்ட் கணக்குல ஏறி இறங்கற விலை. இதை எப்படி நியாயம்னு சொல்றது?

2010 ஆகஸ்ட்ல மேகவெடிப்பு வந்து ஒரே ராத்திரியில ஊரே சேத்துல மூழ்கினப்போ சோனம் நோர்பு பேர்ல இருக்கிற அந்த மருத்துவமனைக்குள்ளயும் வெள்ளம், ரன்வே மேலயும் சேறும் கல்லும். அதை உடனே சுத்தம் பண்ணித்தான் நிவாரண விமானங்களை இறக்கினாங்க. 2020 மே மாசம், லாக்டவுன்ல கார்கில் பக்கம் ரோடு வேலையில மாட்டிக்கிட்ட ஜார்க்கண்ட் தொழிலாளிங்க விமானம் ஏறி ஊர் போய்ச் சேர்ந்ததும் லேல இருந்துதான்.

2024 ஜூலையில நடந்ததை நிறைய பேர் கவனிச்சிருக்க மாட்டாங்க. லேல வெயில் அதிகம்னு ஃப்ளைட்டை கேன்சல் பண்ணாங்க, ஒரு நாள் இல்லை, தொடர்ந்து சில நாள். சூடு ஏறினா ஏற்கனவே மெலிஞ்ச காத்து இன்னும் மெலிஞ்சிடும், விமானம் ஏற முடியாது. பனிக்காலத்துல ரோடு போச்சு, வெயில் காலத்துல இப்ப வானமும் போகுதுன்னா அந்த ஜனங்க எங்க போவாங்க? உலகத்தைச் சூடாக்கினதுல அவங்க பங்கு என்ன இருக்கு சொல்லுங்க.

அதனால நான் கேக்கறது இதுதான். டிசம்பர்ல இருந்து மார்ச் வரைக்கும், லடாக்குல நிரந்தரமா குடியிருக்கிறவங்களுக்கு ஒவ்வொரு ஃப்ளைட்லயும் சில சீட்டு, விலை ஏறாத சீட்டு ஒதுக்கணும். ஸ்ட்ரெச்சர்ல போற நோயாளிக்கு பல சீட்டைச் சேர்த்து எடுத்தாகணும், அத்தனைக்கும் காசு, அந்தச் செலவை அரசாங்கமே ஏத்துக்கணும். மார்க்கெட்ல கை வைக்க முடியாதுன்னு சிலர் கமென்ட்ல வருவீங்க, தெரியும். 2020 மே மாசத்துல இருந்து 2022 ஆகஸ்ட் வரைக்கும் நாடு பூராவும் விமானக் கட்டணத்துக்கு உச்சவரம்பு வச்சது இதே அரசாங்கம்தானே, அப்ப முடிஞ்சுது. லாபம் வர்ற ரூட்ல ஓட்டுற கம்பெனி, இந்த மாதிரி தொலைதூர ஊருக்கும் இத்தனை சதவீதம் ஓட்டியே ஆகணும்னு 1994ல இருந்தே விதி இருக்கு. சீட்டுக்கு விதி வச்சவங்க அந்த சீட்டோட விலையை அப்படியே விட்டுட்டாங்க.

பணம் எங்கேன்னா அதுக்கும் வழி இருக்கு. உடான் திட்டத்துக்குன்னு பெரிய ரூட்ல பறக்கிற விமானங்கள்கிட்ட ஒரு தொகை வசூல் பண்றாங்க, கடைசியில அது நம்ம டிக்கெட்ல இருந்து போறதுதான். அந்தப் பணம் விமானமே போகாத ஊர்களுக்கு விமானம் விடறதுக்குப் போகுது, டெல்லி–லே மாதிரி ஏற்கனவே நிறைய விமானம் ஓடுற ரூட் அந்தக் கணக்குல வர்றதில்லை. ஆனா அந்த நிறைய விமானம் ஓடறது நாம டூர் போற மாசங்கள்ல. ஜனவரியில எத்தனை ஓடுது, டிக்கெட் என்ன விலைன்னு பார்த்துட்டு லேவை அந்தக் கணக்குல சேர்க்கணுமா வேண்டாமான்னு முடிவு பண்ணட்டும். சென்னையில இருந்து மும்பைக்கு நான் போறப்போ என் டிக்கெட்ல இன்னும் கொஞ்சம் கூடப் போனாலும் எனக்குச் சம்மதம்.