சூரியக் கோபுரத்தை வெளியே நின்று பார்த்தால் பாதிதான்

ஒசாகாவின் சூரியக் கோபுரத்தை 'ஜப்பானிய முன்னேற்றத்தின் சின்னம்' என்று இன்னும் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். எனக்கு அது ஒத்துவரவில்லை. அந்தக் கோபுரம் எழுந்தது 1970இல் அங்கே நடந்த எக்ஸ்போ என்ற உலகக் கண்காட்சிக்காக. அதன் முழக்கம் 'மனிதகுலத்தின் முன்னேற்றமும் இணக்கமும்'. இரண்டிலுமே நம்பிக்கை இல்லாத ஓவியரும் சிற்பியுமான தாரோ ஒகாமோட்டோவிடம்தான் மையக் கண்காட்சியைக் கொடுத்தார்கள். கட்டடக் கலைஞர் கென்சோ டாங்கே, திடலின் மேல் 30 மீட்டர் உயரத்தில் ராட்சதக் கூரை ஒன்றைத் திட்டமிட்டிருந்தார். ஒகாமோட்டோ அதில் ஓட்டை போடவைத்து, 70 மீட்டர் கோபுரத்தை அதன் வழியே நிமிர்த்தினார். நல்ல இணக்கம்!

உச்சியில் இருக்கும் தங்க முகம் எதிர்காலம், வயிற்றில் இருப்பது நிகழ்காலம். பலர் இந்த இரண்டோடு செல்ஃபி எடுத்துவிட்டுக் கிளம்பிவிடுகிறார்கள். முதுகுப் பக்கம் சுற்றிப் போங்கள். ஷிகாராகி பீங்கான் ஓடு பதித்த கருஞ்சூரியன், இறந்தகாலம், அங்கேதான் இருக்கிறது. நான்காவது முகமான 'நிலத்தடிச் சூரியன்' எக்ஸ்போ முடிந்தபின் எங்கே போனதென்றே தெரியவில்லை. இன்று உள்ளே இருப்பது புதிதாகச் செய்தது.

ஒகாமோட்டோவின் வாதம் முழுக்கக் கோபுரத்துக்குள் நிற்கும் 41 மீட்டர் 'உயிர் மரத்தில்' இருக்கிறது. அடியில் அமீபா, மேலே மீன், டைனோசர், குரங்கு, கடைசியாக மனிதன். ஒற்றைச் செல் உயிர்கள் பிரம்மாண்டமாக இருக்க, மனிதன் மட்டும் பொடியன். 1951இல் ஜப்பானின் வரலாற்றுக்கு முந்தைய ஜோமோன் காலத்து மண்பாண்டங்களைப் பார்த்து, தொல்லியல் பொருளாக மட்டும் எண்ணப்பட்டவற்றைக் கலை என்று வாதாடியவர் வேறு எப்படிச் செய்வார்?

எக்ஸ்போ முடிந்ததும் இடித்திருக்க வேண்டிய கோபுரம் இது. நிரந்தரமாகக் காப்பது என்று 1975இல்தான் முடிவானது. ஆனாலும் நிலநடுக்கத்தைத் தாங்கும் பலம் போதவில்லை. 2016இல் தொடங்கிய பணியில் உள்சுவரில் 20 சென்டிமீட்டர் கான்கிரீட் சேர்த்தார்கள். எடையைக் குறைக்க எஸ்கலேட்டர்களைக் கழற்றிப் படி வைத்தார்கள். வெளித்தோற்றத்தில் கைவைக்கவில்லை. மரத்தில் இருந்த 292 உயிர் உருவங்களில் 183தான் மீண்டும் இடம்பெற்றன. ஒரு கொரில்லாவின் தலையை மட்டும் தோல் போய் உள்ளிருக்கும் இயந்திரம் தெரிகிற நிலையிலேயே விட்டிருக்கிறார்கள். எல்லாவற்றையும் பளபளப்பாக்காமல் விட்ட அந்த முடிவுக்கே என் ஓட்டு.

டாங்கேயின் கூரையில் இன்று மிச்சம், எக்ஸ்போ நடந்த இடத்தில் இருக்கும் பூங்காவில் வைத்திருக்கும் ஒரு துண்டு. கோபுரமோ 2025இல் நாட்டின் முக்கியப் பண்பாட்டுச் சொத்தாகிவிட்டது.

போகிறவர்களுக்கு: பூங்கா டிக்கெட் வேறு, கோபுரத்துக்குள் போகும் டிக்கெட் வேறு. உள்ளே போக நேரம் குறித்து முன்பதிவு செய்துவிடுங்கள். அன்றைக்கே இடம் கிடைப்பது அதிர்ஷ்டம். படியேற வேண்டும், அதற்கேற்ற செருப்பு போட்டுக்கொள்ளுங்கள்.