கோப்பைத் திறக்கும் அதிகாரமாவது மாகாணத்திடம் இருக்கட்டும்

கிழக்கு மாகாண சபையின் காலம் 2017 செப்டெம்பரில் முடிந்தது. அன்று முதல் ஆளுநர் ஆட்சிதான். தேர்தல் வேண்டும் என்று மட்டக்களப்பில் பேசுகிறவர்கள் காணி, ஆசிரியர் நியமனம், வீதி என்று பல காரணம் சொல்கிறார்கள். எல்லாம் சரி. ஆனால் இந்த மாகாணத்தில் முகாம் போட்டிருக்கும் படையினர் ஒரு குற்றம் செய்தால் அதை விசாரிக்கும் உரிமை மாகாணத்துக்கு இருக்க வேண்டாமா என்று எந்த மேடையிலும் கேட்கிறார்கள் இல்லை. எனக்கு அதுதான் முதலாவது கேள்வி.

இந்தியாவின் நாகாலாந்தைப் பாருங்கள். 2021 டிசம்பர் 4ஆம் திகதி, மொன் மாவட்டத்தின் ஓட்டிங் கிராமத்துக்கு நிலக்கரிச் சுரங்க வேலை முடித்துத் திரும்பியவர்களின் பிக்கப் வண்டி மீது இராணுவத்தின் 21ஆவது பாரா சிறப்புப் படை சுட்டது. ஆறு பேர் செத்தார்கள். தேடிப் போன ஊரவர்களுக்கும் படையினருக்கும் மோதல் வந்து மேலும் ஏழு பேர். அடுத்த நாள் மொன் நகரில் ஒருவர். படைச் சிப்பாய் ஒருவரும் இறந்தார். நிறுத்தச் சொல்லியும் வண்டி நிற்காமல் போகப் பார்த்தது என்று உள்துறை அமைச்சர் அமித் ஷா பாராளுமன்றத்தில் சொன்னார். உயிர் தப்பியவர் அப்படி யாரும் நிறுத்தச் சொல்லவில்லை என்றார்.

அங்கே மாநில அரசின் கையில் பொலிஸ் இருந்தது. சிறப்புப் புலனாய்வுக் குழு அமைத்தார்கள். ஆளை அடையாளம் காணாமலேயே சுட்டிருக்கிறார்கள் என்று கண்டறிந்து, 2022 ஜூனில் ஒரு மேஜர் உட்பட 30 படையினர் மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தார்கள். அதோடு வழி அடைபட்டது. ஆயுதப் படைகள் சிறப்பு அதிகாரச் சட்டம் என்று 1958இல் கொண்டு வந்த ஒன்று இருக்கிறது. அதன் 6ஆவது பிரிவின்படி மத்திய அரசு முன் அனுமதி கொடுக்காமல் வழக்கு நடக்காது. 2023இல் அனுமதி மறுக்கப்பட்டது. 2024 செப்டெம்பரில் உச்ச நீதிமன்றமும் நடவடிக்கைகளை மூடியது. பின்னர் அனுமதி கிடைத்தால் தொடரலாம் என்று ஒரு கதவை மட்டும் விட்டது. அனுமதி மறுப்பை எதிர்த்து நாகாலாந்து அரசே உச்ச நீதிமன்றத்துக்குப் போனது.

இதைப் பார்த்துவிட்டு, மாநில அதிகாரம் இருந்தும் ஒன்றும் நடக்கவில்லையே என்று என் நண்பர்கள் சிலர் சொல்கிறார்கள். நான் அப்படிப் பார்க்கவில்லை. அரசாங்கம் ஒரு கதை சொன்னபோது, சட்டப்படி பதிவான இன்னொரு கண்டறிதல் அதற்கு எதிரே நின்றது. யார் சுட்டது, யார் கட்டளையில் இருந்தது என்பதெல்லாம் கோப்பில் இருக்கின்றன. கொல்லப்பட்டவர்களின் பிள்ளைகள் நாளைக்கு வளர்ந்து கேட்டால் காட்ட ஒரு ஆவணம் இருக்கிறது.

படையினரை விசாரிக்கும் அந்த உரிமையும் சும்மா கிடைத்ததல்ல. 2004இல் மணிப்பூரில் அசாம் ரைபிள்ஸ் பிடித்துப் போன தங்ஜம் மனோரமா பிணமாகக் கிடந்தார். மாநில அரசு விசாரணை ஆணைக்குழு நியமித்தது. மத்திய அரசின் படையான எங்களை விசாரிக்க மாநிலத்துக்கு அதிகாரம் இல்லை என்று அந்தப் படை நீதிமன்றம் போனது. மணிப்பூர்க் கொலைகள் பற்றிய வழக்கில் 2016இல் உச்ச நீதிமன்றம், சிறப்புச் சட்டம் இருக்கும் பகுதியிலும் அளவு மீறிய பலப்பிரயோகம் விசாரிக்கப்படத்தான் வேண்டும், முழுமையான விலக்கு எவருக்கும் இல்லை என்று சொன்னது.

இனி நம் பக்கம். 1991 ஜூன் 12இல் கொக்கட்டிச்சோலை, மகிழடித்தீவில் நடந்த படுகொலைக்கு ஜனாதிபதி ஆணைக்குழு வைத்தார்கள். அப்புறம் இராணுவமே தன் ஆட்களை விசாரித்தது. பொறுப்பதிகாரி பதவி நீக்கப்பட்டார், மற்றவர்கள் விடுவிக்கப்பட்டார்கள். ஊர் மக்களைக் கொன்றதற்கு ஒரு வேலை போனதுதான் தண்டனை. அடுத்த வருடம் ஓகஸ்ட் 9இல் புணானைப் பக்கம் மயிலந்தனையில் குழந்தைகள் உட்பட 35 பேர் கொல்லப்பட்டார்கள். அந்த வழக்கு மட்டக்களப்பில் நடக்கவில்லை. கொழும்புக்குக் கொண்டு போய், 2002இல் சிங்களம் பேசும் ஜூரிகள் 18 இராணுவத்தினரையும் குற்றமற்றவர்கள் என்றார்கள். திருகோணமலை குமாரபுரம் படுகொலை வழக்கையும் அநுராதபுரத்துக்கு மாற்றினார்கள். 2016இல் அங்கேயும் விடுதலை. சாட்சி சொல்லப் போன அம்மாவும் மாடு மேய்க்கிற ஐயாவும் பஸ் ஏறி, தெரியாத ஊரில், தெரியாத மொழியில், சுட்டவர்களுக்கு முன்னால் நிற்க வேண்டியிருந்தது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது.

அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் மாகாணத்துக்கு என்று ஒரு பொலிஸ் பிரிவையும் மாகாணப் பொலிஸ் ஆணைக்குழுவையும் எழுதி வைத்திருக்கிறது. 1987இலிருந்து அது காகிதத்தில் கிடக்கிறது. அதைக் கொடுத்தாலும் போதாது என்பதையும் சொல்ல வேண்டும். பாதுகாப்பும் தேசிய பாதுகாப்புக்குப் பாதகமான குற்றங்களும் மத்தியின் கையில்தான். குற்றப்பத்திரிகை தாக்கல் செய்வது கொழும்பில் இருக்கும் சட்டமா அதிபர். 1979இன் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் 26ஆவது பிரிவு, அந்தச் சட்டத்தின் கீழான கட்டளைப்படி நல்லெண்ணத்தில் செய்ததென்றால் வழக்கே போட முடியாது என்கிறது. ஆகவே பொலிஸ் அதிகாரத்தோடு சட்டமா அதிபரிடமிருந்து பிரிந்த ஒரு வழக்குத்தொடுநரும், அந்த 26ஆவது பிரிவின் நீக்கமும் சேர்த்தே கேட்கப்பட வேண்டும்.

மாகாணப் பொலிஸ் வந்தால் எங்களுக்கு என்ன பாதுகாப்பு என்று காத்தான்குடியிலோ கல்முனையிலோ ஒரு முஸ்லிம் சகோதரர் கேட்டால் அது நியாயமான கேள்வி. 1990 ஓகஸ்ட் 3இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்களைப் புலிகள் சுட்டதை மறந்துவிட்டு அவரிடம் பேச முடியாது. மூன்று சமூகமும் ஆணைக்குழுவிலும் பொலிஸ் நிலையத்திலும் இருக்க வேண்டும். அந்தக் கொலைகளுக்கான கோப்பும் திறக்கப்பட வேண்டும். இதற்கு உடன்படாத தமிழ்க் கட்சியோடு எனக்குப் பேச்சில்லை.

விசாரித்தால் படையினரின் மனவுறுதி போய்விடும் என்பார்கள். குற்றம் செய்யாத சிப்பாய்க்கு அந்தப் பயம் ஏன் வர வேண்டும்? தன் பக்கத்தில் நின்றவன் செய்ததற்கும் சேர்த்து அவன்தானே ஆயுள் முழுக்கச் சந்தேகத்தைச் சுமக்கிறான்.

தேர்தல் அறிவித்தால் வாக்குக் கேட்டு எல்லோரும் வருவார்கள். நான் ஒவ்வொருவரிடமும் இதைத்தான் கேட்கப் போகிறேன்: வாழைச்சேனையிலோ வெல்லாவெளியிலோ நாளைக்குப் படையினரின் துவக்கால் ஒருவர் செத்தால், முதல் வாக்குமூலத்தை எந்தப் பொலிஸ், எந்த மொழியில் எழுதும், அந்த வழக்கு எந்த ஊர் நீதிமன்றத்தில் நடக்கும்? உங்கள் தேர்தல் விஞ்ஞாபனத்தில் இதற்குப் பதில் எத்தனையாவது பக்கத்தில் இருக்கிறது? நீங்களும் கேளுங்கள்.