சீட் கோடு வைத்தது ஹேக்கர் இல்லை

“சீட் கோடு (வீடியோ கேமில் தட்டினால் உயிர், ஆயுதம் போன்ற சலுகை தரும் ரகசியக் குறியீடு) எல்லாம் ஹேக்கர்கள் திருட்டுத்தனமாக நுழைத்தது, அதைப் போட்டால் கேம் கெட்டுப்போகும்” என்று ஒருவர் எழுதியிருக்கிறார். பழைய கேம்களில் பெரும்பாலும் கதையே வேறு. கேமை உருவாக்கியவர்களே சோதனைக்காக வைத்தவை அவை.

1986-இல் கொனாமி நிறுவனத்தின் கிரேடியஸ் என்ற விண்கலச் சண்டை கேமை, ஃபாமிகாம் என்ற நின்டெண்டோ கேம் கருவிக்கு மாற்றிய கசுஹிசா ஹஷிமோட்டோவுக்கு, சோதித்துப் பார்க்கக்கூட முடியாத அளவுக்கு ஆட்டம் கஷ்டமாக இருந்தது. மேல், மேல், கீழ், கீழ், இடம், வலம், இடம், வலம், பி, ஏ என்று பட்டன்களை அழுத்தினால் கிட்டத்தட்ட எல்லா கூடுதல் சக்தியும் கிடைக்கிற மாதிரி செய்துகொண்டார். அதுதான் கொனாமி கோடு. 1993-இல் வந்த டூம் என்ற துப்பாக்கிச் சண்டை கேமிலும் ஐ-டி-டி-க்யூ-டி என்று தட்டினால் சாவே கிடையாது. ஆனால் நைட்மேர் என்ற மிகக் கடினமான லெவலில் அது வேலை செய்யாது. அங்கே மட்டும் கருணை இல்லை!

“கேம் கெட்டுப்போகும்” என்று அவர் சொன்னதில் பாதி உண்மை இருக்கிறது. கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: வைஸ் சிட்டி என்ற கேமில் தெருவில் போகிறவர்கள் எல்லாம் நம்மை அடிக்க வருகிற கோடைப் போட்டுவிட்டு சேவ் செய்தால், அப்புறம் அதை நிறுத்த வழியில்லை. அதனால் கோடு போடுவதற்கு முன் வேறு ஸ்லாட்டில் (சேவ் செய்யும் தனி இடத்தில்) ஒரு சேவ் போட்டு வைத்துக்கொள்ளுங்கள். ஆன்லைன் கேமில் சீட் போடுவது வேறு விஷயம், அங்கே எதிரில் இருப்பது நிஜ ஆள்.