சுயேச்சைகளும் செஞ்சோற்றுக் கடனும்

"நாற்பது ஷேருக்கு நாலாயிரம் கேள்வி" என்று, நான் ஷேர் வைத்திருக்கும் கம்பெனியின் கூட்டத்தைப் பற்றிய என் பதிவின் கீழ் நேற்று ஒரு நண்பர், அதுவும் ஆடிட்டர், எழுதிவிட்டுப் போயிருக்கிறார். நான் கேட்டது ஒரே கேள்வி. அதையும் முடிக்கவிடவில்லை, ஆன்லைனில் நடந்த ஏஜிஎம்மில் (பங்குதாரர்களின் வருடாந்தரக் கூட்டம்) பாதியிலேயே மைக்கை அணைத்துவிட்டார்கள்.

லாபம் சரிந்த வருடத்தில் எம்.டி.யின் சம்பளத்தை உயர்த்தினீர்களே, நிர்வாகத்தைச் சாராமல் கேள்வி கேட்பதற்கென்றே போர்டில் உட்காரவைக்கும் சுயேச்சை இயக்குநர்களில் ஒருவராவது வேண்டாம் என்றாரா? இவ்வளவுதான் கேள்வி.

தேர்தலில் சுயேச்சை என்றால் டெபாசிட் போகும். போர்டில் சுயேச்சை என்றால் சிட்டிங் ஃபீஸ் வரும். ஒரு கூட்டத்துக்கு 1 லட்சம் ரூபாய் வரை தரலாம், லாபத்தில் கமிஷன் தனி. வாங்குவது தப்பு என்று நான் சொல்லவில்லை. (மறுபடியும் சொல்கிறேன், சொல்லவில்லை.) கூப்பிட்டு உட்காரவைத்தவரையே தட்டிக்கேள் என்கிற ஏற்பாட்டைத்தான் சொல்கிறேன். புரமோட்டர், அதாவது கம்பெனியைக் கையில் வைத்திருக்கும் முதலாளி, கூப்பிடுகிறார், புரமோட்டர் ஓட்டுப் போடுகிறார், ஐந்து வருடம் கழித்து இரண்டாவது முறை பதவியும் அவர் தயவில்தான். செஞ்சோற்றுக் கடன் கர்ணனையே கட்டிப்போட்டது, இவர்கள் எம்மாத்திரம்?

"சுயேச்சை இயக்குநரை நியமிக்க 2022 முதல் பங்குதாரர்களின் 75 சதவீத ஓட்டு வேண்டுமே, தெரியாதா?" என்பார் ஆடிட்டர். தெரியும் சார். பதிவாகும் ஓட்டில்தானே 75? புரமோட்டர் கையிலேயே அறுபது, எழுபது இருந்தால் மீதிக்கு என்ன கஷ்டம்? நம்மில் எத்தனை பேர் ஓட்டுப் போடுகிறோம்?

இதை ஏட்டில் படித்துச் சொல்லவில்லை. வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு கம்பெனியின் செக்ரட்டேரியல் பிரிவில் இருந்தேன். இயக்குநர்கள் வீட்டுக்கு அஜெண்டா கவர் கொண்டுபோய்க் கொடுப்பது என் வேலை. கூட்டம் முடிந்து காகிதங்களைத் திரும்ப வாங்கும்போது ஒரு பெரியவரின் கவரில் ஒட்டு பிரியவே இல்லை. "இந்தத் தடவை முந்திரி நமுத்துப்போச்சுப்பா" என்றார். கூட்டத்தில் நடந்ததைப் பதியும் மினிட்ஸில் "விரிவாக விவாதித்து ஒருமனதாக" என்று முதல்நாளே நான் டைப் அடித்து வைத்திருந்தேன்.

அது அந்தக் காலம், இப்போது படித்தவர்கள் வருகிறார்கள் என்பீர்கள். சத்யம் என்ற ஐ.டி. கம்பெனியின் போர்டில் ஹார்வர்டு பேராசிரியர் இருந்தார், முன்னாள் கேபினட் செயலர் இருந்தார். 2008 டிசம்பரில் சத்யம் தலைவர் ராமலிங்க ராஜுவின் குடும்பத்து மேடாஸ் கம்பெனிகளை 160 கோடி டாலருக்கு வாங்க அந்த போர்டுதான் சரி என்றது. முதலீட்டாளர்கள் கொதித்த பிறகுதான் கைவிட்டார்கள். அடுத்த மாதம் சத்யத்தின் கணக்கில் செய்த மோசடியை ஒப்புக்கொண்ட கடிதத்தில், போர்டில் யாருக்கும் இது தெரியாது என்று ராஜுவே எழுதினார். கூடவே உட்கார்ந்திருந்தவர்களுக்கு இப்படியொரு நற்சான்றிதழ்!

பொறுப்பு அதிகம், வழக்கு வந்தால் அலைய வேண்டும், பணம் குறைந்தால் நல்லவர்கள் வரமாட்டார்கள் என்கிறார்கள். நியாயம்தான். வரட்டும், வாங்கட்டும். வந்து ஒரு கேள்வி கேட்கட்டும்.

அந்த நாற்பது ஷேர் அப்பா ரிட்டயர்மென்ட் பணத்தில் வாங்கியது. ஆண்டறிக்கை தபாலில் வந்தால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, பேனாவோடு உட்காருவார். லட்சம் வாங்காமலே படித்த மனிதர். அவரையும் சேர்த்துத்தான் நேற்று சிரித்தீர்கள்.

ஆடிட்டர் நண்பரே, உங்கள் கமென்ட்டை நான் நீக்கவில்லை. என் மைக்கை அணைத்தார்கள் என்பதற்காக உங்கள் வாயை அடைக்க மாட்டேன். அங்கேயே இருக்கட்டும்.