போர் நாவல்களுக்கு முன்னால் கிணற்றடிக் கதைகளைக் கொடுங்கள்

யாழ்ப்பாணத்தில் பதினேழு, பதினெட்டு வயதுப் பிள்ளை ஒன்று வாசிகசாலைக்கு வந்து ஈழத்து நாவல் ஏதும் இருக்கா என்று கேட்டால், இயக்கம், இடப்பெயர்வு, முள்ளிவாய்க்கால் என்ற வரிசையில்தான் பெரும்பாலும் புத்தகங்கள் கைக்கு வருகின்றன. அந்த நூல்கள் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. வரிசை பிழை என்கிறேன். 1983க்கு முன்னர் இங்கே எல்லாப் பிள்ளைகளும் மாமர நிழலில் கவலையில்லாமல் விளையாடினார்கள், பிறகு ஆமி வந்தது, இளமை போனது என்ற ஒரு படத்தை அந்த வரிசை மனதில் பதித்துவிடுகிறது. அந்தப் படம் பொய். இந்த ஊரில் ஒடுக்கப்பட்ட சாதிகளில் பிறந்த பிள்ளைகள் கிணற்றடியிலும் கோயில் வாசலிலும் தேத்தண்ணிக் கடையிலும் அதற்கு எவ்வளவோ முன்னரே வெகுளித்தனத்தை இழந்துவிட்டார்கள். எங்கள் இலக்கியம் அதை எழுதியும் வைத்திருக்கிறது. நாங்கள்தான் அந்தப் புத்தகங்களை அடித்தட்டில் போட்டுவிட்டு, போர் நாவலிலிருந்து பிள்ளைகளைத் தொடங்கவைக்கிறோம்.

சாதியின் பேரால் பொது இடங்களில் தடைபோடுவது குற்றம் என்று 1957இலேயே சட்டம் வந்துவிட்டது. அதற்குப் பிறகும் 1966 ஒக்டோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாண நகருக்குத் தீண்டாமைக்கு எதிராக ஊர்வலம் போகவேண்டியிருந்தது. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் நுழையப் போராடவேண்டியிருந்தது. டொமினிக் ஜீவாவின் ‘தண்ணீரும் கண்ணீரும்’ தொகுப்பு (1960), செ. கணேசலிங்கனின் ‘நீண்ட பயணம்’ (1965), கே. டானியலின் ‘பஞ்சமர்’ (1972) ஆகிய மூன்றும் அந்தக் காலத்தைச் சுற்றி எழுந்தவை. தாகம் எடுத்த பிள்ளை கிணற்றுக் கட்டில் ஏறக்கூடாது என்று படித்துக்கொள்ளும் கணம் இருக்கிறதே, அதைவிடக் கூர்மையாகப் பிள்ளைமை முடியும் இடம் வேறு எந்த நாவலில் இருக்கிறது? அங்கே குண்டு விழவில்லை. அந்நியர் யாரும் வரவில்லை. பக்கத்து வளவுக்காரர்தான் தண்ணீர் அள்ளி ஊற்றுகிறார், அதுவும் எட்ட நின்று.

இதை முதலில் வாசித்த ஒருவர் பிறகு போர் நாவலுக்குள் போகும்போது கேட்கும் கேள்வி வேறாக இருக்கும். இந்தப் பெடியன் ஏன் வீட்டை விட்டுப் போனான் என்ற கேள்விக்கு ‘ஆமி’ என்ற ஒரே பதிலோடு அவர் நிற்கமாட்டார்.

வட்டமாக இருந்து வாசிப்பவர்கள் முதலில் ஒரு கால அட்டவணை செய்துகொள்வது நல்லது. ஏ4 தாள் இரண்டை நீளவாக்கில் ஒட்டினால் ஏறத்தாழ 59 சென்ரிமீற்றர் வரும். ஆண்டுக்கு 1 சென்ரிமீற்றர் என்று கோடு போட்டால் 1957 முதல் 2009 வரை தாராளமாக அடங்கும். 1966, 1968, 1974 தமிழாராய்ச்சி மாநாடு, 1981 நூலக எரிப்பு, 1983 யூலை, 1987 ஒக்டோபர், 1990 ஒக்டோபரில் முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டது, 1995 ஒக்டோபர் வலிகாம இடப்பெயர்வு, 2002 ஏ9 பாதை திறப்பு, 2006 அதே பாதை பூட்டு, 2009 மே. எழுபதுகளின் தொடக்கத்தில் வந்த பல்கலைக்கழகத் தரப்படுத்தலையும், அதாவது அனுமதிக்கான புள்ளிகளை மொழி, மாவட்டம் பார்த்து மாற்றியதையும், மறக்கவேண்டாம். படித்தால் தப்பலாம் என்ற நம்பிக்கையில் பிடித்து நின்ற ஒரு தலைமுறையை அது ஆட்டிவிட்டது. பிறகு கதாபாத்திரத்தின் வயதைக் கீழே எழுதுங்கள். 1970 தையில் பிறந்த ஒருவருக்கு நூலகம் எரியும்போது 11 வயது, யூலையில் 13, இந்திய இராணுவத்துடன் சண்டை தொடங்கும்போது 17, வலிகாமத்தை விட்டு நடக்கும்போது 25. அதே நாவலில் வரும் தகப்பனுக்கு 1966இல் என்ன வயது என்றும் எழுதுங்கள். தகப்பன் ஏன் வாய் திறப்பதில்லை என்பது பல இடங்களில் அப்போதுதான் விளங்கும்.

இந்தத் தாளில் அதிகம் நடக்கும் பிழை, கதை நடக்கும் ஆண்டையும் நூல் வெளிவந்த ஆண்டையும் ஒன்றாக எடுத்துக்கொள்வது. நீலப் பேனையால் கதைக் காலத்தையும் சிவப்பால் பதிப்பு ஆண்டையும் குறியுங்கள். இரண்டுக்கும் நடுவில் உள்ள தூரத்தை அளந்து பாருங்கள். கோவிந்தனின் ‘புதியதோர் உலகம்’ 1985இல் வந்தது. அது சொல்லும் இயக்க உள்முரண்பாடுகளும் சித்திரவதைகளும் அந்தச் சூட்டோடு எழுதப்பட்டவை. எழுதுபவருக்கே முடிவு தெரியாது. ஷோபாசக்தியின் ‘கொரில்லா’ (2001), சயந்தனின் ‘ஆறா வடு’ (2012), தமிழ்நதியின் ‘பார்த்தீனியம்’ (2016) ஆகியவை பின்னால் திரும்பிப் பார்த்து எழுதப்பட்டவை. நீலமும் சிவப்பும் விலக விலக, எழுதுபவர் தன் பாத்திரத்தைவிட அதிகம் அறிந்தவராகிறார். வெகுளித்தனம் என்ற ஒன்று அந்த இடைவெளியில்தான் தெரியவரும். உள்ளே இருக்கும் பிள்ளைக்குத் தான் வெகுளி என்று தெரியாது.

ஆகவே ஒவ்வொரு அத்தியாயத்திலும் யார் சொல்கிறார், எந்த வயதில் நின்று சொல்கிறார் என்று கேட்கவேண்டும். பென்சிலோடு வாசியுங்கள். பாத்திரத்துக்கு மட்டும் தெரிந்தது, வாசகருக்குத் தெரிந்து பாத்திரத்துக்குத் தெரியாதது, கதைசொல்லி வளர்ந்தவராக நின்று இடையில் நுழைவது என்று மூன்று குறிகளை ஓரத்தில் போடுங்கள். ‘கொரில்லா’ அகதி விண்ணப்பத்தின் வடிவில் தொடங்குவதன் காரணம் இப்படிக் குறித்துப் பார்த்தால் தெரியும். ஒரு வாழ்க்கை முழுவதும், அதை நம்பலாமா என்று தீர்மானிக்கப்போகும் அதிகாரிக்காக அடுக்கப்படுகிறது. அங்கே இளமை என்பது நிரூபிக்கவேண்டிய சங்கதி. இதைக் கவனிக்காமல் கதையை மட்டும் பிடித்துக்கொண்டு ஓடுபவர், நூலின் பாதியைத் தவறவிடுகிறார்.

நாவலுக்குப் போகமுன் சிறுகதை, சிறுகதைக்குப் பக்கத்தில் கவிதை. ரஞ்சகுமாரின் ‘மோகவாசல்’ தொகுப்பில் உள்ள ‘கோசலை’ பிள்ளை வீட்டை விட்டுப் போவதைத் தாயின் பக்கம் நின்று சொல்கிறது. போனவரின் கதையாகவே எல்லாவற்றையும் வாசித்துப் பழகியவர்களுக்கு அது அவசியம். சிவரமணியின் ‘யுத்தகால இரவொன்றின் நெருக்குதல்’ ஒரு பக்கக் கவிதை. தும்பியின் சிறகைப் பிய்ப்பதும் தடியைத் துவக்காக்கிக் கூட்டாளியைச் சுடுவதும் சிறுவரின் விளையாட்டாகிவிட்டதை அது காட்டுகிறது. ஓர் இரவின் அழுத்தம் பிள்ளைகளை எப்படி வளர்ந்தவர்களாக்குகிறது என்பதை இவ்வளவு சுருக்கமாகச் சொன்ன வேறொன்றை நான் காணவில்லை. 1991இல் மிக இளவயதில் மறைந்த ஒருவர் எழுதியது அது. வளர்ந்தவர் குழந்தைமையை நினைத்து ஏங்கும் குரல் அதில் இல்லை. உள்ளே நின்றே பார்க்கும் குரல்.

செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ (1973) இந்த வரிசையில் வரவேண்டும். நெடுந்தீவுக் கடற்கரையில் பருவத்துக்கு வாடி (மீன்பிடிக் குடில்) போட வரும் வெளியூர்ச் சம்மாட்டிகள் (வலை, வள்ளச் சொந்தக்காரர்), உள்ளூர்ப் பெண்கள், ஊரின் கௌரவம். போரின் நிழல் இல்லாத இளமை. ஆனாலும் அதில் இளமை தப்புவதில்லை. இதை வெறும் காதல் கதை என்று தள்ளுபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

இனி நடைமுறை. எட்டுப் பேர் முதல் பத்துப் பேர் வரை போதும். பதினைந்து ஆகிவிட்டால் நாலு பேர் கதைப்பார்கள், மற்றவர்கள் பார்ப்பார்கள். வாரத்துக்கு 35 முதல் 40 பக்கம். 200 பக்க நாவலுக்கு ஐந்து சந்திப்பு, முழுதையும் சேர்த்துப் பேச இன்னொன்று. ‘பார்த்தீனியம்’ போன்ற பெரிய நாவலை முதலில் எடுக்கக்கூடாது. மூன்றாம் வாரம் பாதிப்பேர் வரமாட்டார்கள், வாசிக்காமல் வர வெட்கப்பட்டுத்தான். ஆகப் பொருத்தமானவர்கள் உயர்தரம் எழுதிவிட்டு பல்கலைக்கழக அனுமதிக்காகக் காத்திருப்பவர்கள். அந்தக் காத்திருப்பு நீளமானது, வயதும் சரி. சாதாரணதரம் முடித்தவர்களுக்கு அடுத்த கிழமையே ரியூசன் தொடங்கிவிடுகிறது. நல்லூர்த் திருவிழாவின் 25 நாளும் வட்டத்தை நிறுத்திவையுங்கள். ஆக்கள் குறைந்து, பிறகு திரும்பச் சேர்ப்பது கஷ்டம்.

2022 நெருக்கடிக்குப் பிறகு தமிழ்நாட்டுப் பதிப்புகளின் விலை ஒரு மாணவருக்குத் தாங்காது. பத்துப் பேருக்கு மூன்று பிரதி வாங்கினால் சமாளிக்கலாம்: ஒரு பிரதியை மூன்று, நான்கு பேர் ஓரிரு நாளுக்கு ஒருவர் என்று மாற்றிக்கொள்ளுங்கள், கைமாறும் நாளை முதற்பக்கத்தில் எழுதிவையுங்கள். பழைய ஈழத்து நூல்கள் பலவும் ஜீவா நடத்திய ‘மல்லிகை’ இதழ்களும் நூலகம் இணையத்தளத்தில் இலவசமாகக் கிடக்கின்றன. ஆனால் கைபேசியில் பழைய அச்சுப் பக்கத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கி 40 பக்கம் வாசிக்கமுடியாது. அந்த வாரப் பகுதியை மட்டும் அச்செடுத்துக் கொடுங்கள். விற்பனையில் உள்ள புதிய நூலைப் போட்டோக்கொப்பி எடுக்கவேண்டாம். ஈழத்து எழுத்தாளருக்கு அதனால் விழும் அடி சின்னதல்ல.

சந்திப்பு 90 நிமிடம். முதல் 15 நிமிடம் உரத்து வாசிப்பு, ஆளுக்கு ஒரு பந்தி. அடுத்த 45 நிமிடம் புத்தகத்துக்குள் இருப்பதை மட்டுமே பேசலாம். கடைசி 30 நிமிடத்தில்தான் வெளி உலகம் உள்ளே வரலாம். இந்த ஒழுங்கு இல்லாவிட்டால் என்ன நடக்கும் என்பது எங்கள் ஊரைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும். பத்தாவது நிமிடத்தில் ஒருவர், “இது இன்னாற்ற மகன்ரை கதைதானே?” என்பார். இன்னொருவர், “இல்லை, அவை வேற இயக்கம்” என்பார். அதோடு நாவல் முடிந்தது. சின்னச் சமூகம், எல்லாரையும் எல்லாருக்கும் தெரியும். பாத்திரத்தின் பின்னால் உள்ள உண்மையான ஆளைத் தேடுவது இங்கே பெரும்பாலும் புறங்கதையாகவே முடிகிறது, சில வேளை உயிரோடு இருக்கும் ஒருவருக்குத் தீங்காகவும் முடிகிறது. எந்த இயக்கம் சரி என்ற தர்க்கமும் இப்படித்தான். அது அந்த 30 நிமிடத்துக்குள் நிற்கட்டும்.

புத்தக வெளியீட்டு விழாவின் அமைப்பை வாசிப்பு வட்டத்துக்குள் கொண்டுவராதீர்கள். தலைமையுரை, வாழ்த்துரை, ஆய்வுரை என்று போனால் இளையவர்கள் வாயே திறக்கமாட்டார்கள். ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் இருந்தால் நல்லதுதான். அவர் கடைசியில் பேசட்டும். கதிரைகளை வட்டமாகப் போடுங்கள். பெண்பிள்ளைகள் பின்வரிசையில் ஒதுங்காமல் இருக்க, வாசிப்பை ஒவ்வொரு வாரமும் வெவ்வேறு கதிரையிலிருந்து தொடங்குங்கள்.

சாதிக் கதைகளை வாசிக்கும்போது ஒரு விதியை எழுதியே வைக்கவேண்டும்: யாரிடமும் அவருடைய சொந்த அனுபவத்தைக் கேட்கக்கூடாது. “இப்ப அப்பிடி ஒண்டும் இல்லைத்தானே?” என்ற கேள்வி கட்டாயம் வரும். கேட்பவர் பெரும்பாலும் நல்ல எண்ணத்தோடுதான் கேட்பார். ஆனால் பதில் சொல்லப்போனால், அந்த வட்டத்தில் இருக்கும் ஒரு பிள்ளை தான் யார் என்று அந்த இடத்திலேயே வெளிப்படுத்தவேண்டி வரும். கேள்வியைப் பனுவலுக்குத் திருப்புங்கள்: இந்தக் கதையில் தண்ணீர் ஊற்றுபவர் என்ன நினைக்கிறார், ஆசிரியர் அவரை எப்படிக் காட்டுகிறார்? மேல் நின்று ஊற்றும் கையைப் பற்றிப் பேசுவதுதான் கடினம், அதனால்தான் எல்லாரும் ஏந்தும் கையைப் பற்றியே பேசுகிறார்கள்.

சித்திரவதை, கொலை வரும் பக்கங்களை முந்திய வாரமே பக்க எண்ணோடு சொல்லிவிடுங்கள். காணாமல் ஆக்கப்பட்ட ஒருவரின் வீட்டுப் பிள்ளை வட்டத்தில் இல்லாத ஊர் வடக்கில் இருக்காது. அந்தப் பக்கங்களை உரத்து வாசிக்கவேண்டாம். எழுந்து வெளியே போகிறவரிடம் காரணம் கேட்கவும் வேண்டாம், பின்னால் ஒருவர் போய் நின்றால் போதும்.

ஒரு குறையையும் சொல்லவேண்டும். 2009க்குப் பிறகு பிறந்தவர்கள் இப்போது சாதாரணதரப் பரீட்சைக்கு இருக்கிறார்கள். வெளிநாட்டுக் காசில் எழும்பும் மாடிவீடுகள், ஆள் இல்லாத வளவுகள், போதைப்பொருள், கனடாவுக்குப் போவதா நிற்பதா என்ற பேச்சு, வீட்டில் யாரும் சொல்லாத போர். இவற்றுக்குள் வளர்பவரின் நாவல் எங்களிடம் போதிய அளவில் இல்லை. புலம்பெயர்ந்தவர்கள் எழுதிய சிறந்த நூல்கள் அந்த இடத்தை நிரப்பா. அவை அவர்கள் விட்டுப்போன ஆண்டோடு ஊரை நிறுத்திவைத்திருக்கின்றன. இது பழி அல்ல, நினைவு வேலைசெய்யும் முறை அது. கால அட்டவணையில் 2009க்கு அப்பால் இன்னொரு ஏ4 தாளை ஒட்டி, வட்டத்தில் உள்ளவர்களையே ஆண்டுகளைக் குறிக்கச் சொல்லுங்கள். எந்த ஆண்டில் பெரிய கோடு போடுகிறார்கள் என்று பெரியவர்கள் பார்க்கவேண்டும்.

தொடங்குபவர்களுக்கு முதல் நான்கு வாரம் இப்படிப் போகலாம்: ஜீவாவின் தொகுப்பிலிருந்து ஒரு கதை, பிறகு ‘கோசலை’, பிறகு சிவரமணியின் கவிதையோடு கால அட்டவணை, நான்காவது வாரம் ‘வாடைக்காற்று’ முதல் 40 பக்கம். போர் நாவலை அதற்குப் பிறகு எடுங்கள். அநேக ஊர்களில் சனசமூக நிலையக் கட்டிடம் ஞாயிறு பின்னேரம் சும்மாதான் கிடக்கிறது. நிர்வாகத்திடம் 3.30 முதல் 5.00 வரைக்குத் திறப்பைக் கேளுங்கள்.